எழுத்துக்குப் பதில் எண்: இயற்கணிதக் கோவையின் மதிப்பைப் பிசகில்லாமல் காண ஒரு முழுமையான வழிகாட்டி

க = −3 என்றால் க² − 4 எவ்வளவு?

5 என்று சொன்னால் சரி. −13 என்று சொல்லியிருந்தால் கவலை வேண்டாம், உங்களுக்குத் துணைக்கு நிறையப் பேர் இருக்கிறார்கள். பல வருடமாகக் கணக்கு சொல்லிக்கொடுக்கிறேன். பத்தாம் வகுப்பைத் தாண்டியவர்களின் நோட்டிலும் இந்த −13 அவ்வப்போது எட்டிப் பார்க்கும். வர்க்கம் என்றால் என்னவென்று அவர்களுக்குத் தெரியும். மைனஸும் மைனஸும் பெருக்கினால் பிளஸ் என்பது தலைகீழ்ப் பாடம். அப்புறம் எங்கே சறுக்குகிறது? க இருந்த இடத்தில் −3 ஐ அப்படியே ஒட்டிவிடுகிறார்கள்:

−3² − 4

இப்படி எழுதியதும் மேலே இருக்கும் 2 என்ற அடுக்கு 3-க்கு மட்டும் சொந்தமாகிவிட்டது. மைனஸ் வெளியே தனியாக நிற்கிறது. ஆகவே −9 − 4, அதாவது −13. எழுதியதற்கு அந்த விடை சரிதான். எழுதியதுதான் தவறு. எழுதியிருக்க வேண்டியது இது:

(−3)² − 4 = 9 − 4 = 5

வித்தியாசம் இரண்டு வளைகோடுகள். பிரதியிடலில் வரும் தவறுகளில் பெரும்பாலானவை அந்த இரண்டு வளைகோடுகளைப் போடாததால் வருபவை என்பது என் அனுபவம். அதனால் இந்த வழிகாட்டியில் அடைப்புக்குறி பற்றிய பேச்சு கொஞ்சம் அதிகமாகவே இருக்கும்.

முதலில் கோவையை வாசிக்கத் தெரிய வேண்டும்

பாடப் புத்தகத்தில் வேறு எழுத்துகள் இருக்கும். இங்கே நான் க, ப என்று வைத்துக்கொள்கிறேன். (பழைய தமிழ் எண்களில் ஒன்றைக் குறிக்கும் ௧ பார்ப்பதற்கு க போலவே இருக்கும். இங்கே க என்பது எழுத்து மட்டுமே.) எந்த எழுத்து என்பதில் ஒன்றுமில்லை, அது வெறும் வழக்கம். 1591இல் பிரெஞ்சுக் கணிதர் பிரான்சுவா வியத் தெரியாத அளவுகளுக்கு உயிரெழுத்துகளையும் தெரிந்த அளவுகளுக்கு மெய்யெழுத்துகளையும் வைத்தார். 1637இல் இன்னொரு பிரெஞ்சுக் கணிதரான டெக்கார்ட் அதை மாற்றி, அகரவரிசையின் முதல் எழுத்துகளைத் தெரிந்தவற்றுக்கும் கடைசி எழுத்துகளைத் தெரியாதவற்றுக்கும் வைத்தார். இன்று உலகம் முழுக்கப் புழங்குவது டெக்கார்ட்டின் வழக்கம்தான்.

எழுத்து என்பது ஒரு காலி இடத்தின் பெயர். அந்த இடத்தில் எண்ணை வைப்பதுதான் பிரதியிடல். வைப்பதற்கு முன், கோவையில் எழுதாமல் விட்டிருப்பவற்றைக் கண்ணால் பார்க்கப் பழக வேண்டும்.

3க என்றால் 3 × க. பெருக்கல் குறி ஒளிந்திருக்கிறது. க = 7 என்றதும் 37 என்று எழுதுபவர்கள் உண்டு. எண்களில் 37 என்றால் மூன்று பத்தும் ஏழும். கோவையில் 3க என்றால் மூன்று மடங்கு க, அதாவது 21. இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் எழுதுவதுதான் என்றாலும் அர்த்தம் வேறு.

கப என்றால் க × ப. க என்று மட்டும் இருந்தால் 1 × க. −க என்றால் (−1) × க. இந்தக் கடைசி ஒன்றை நன்றாகப் பிடித்துக்கொள்ளுங்கள், மைனஸ் பற்றிப் பேசும்போது தேவைப்படும்.

அடுக்கு யாருக்குச் சொந்தம் என்பது அடுத்தது. அடுக்கு தனக்கு இடப்பக்கம் ஒட்டியிருக்கும் ஒன்றை மட்டுமே பிடித்திருக்கும். 2க² என்பதில் வர்க்கம் க-வுக்கு மட்டும். (2க)² என்பதில் அடைப்புக்குறிக்குள் இருக்கும் மொத்தத்துக்கும். க = 5 வைத்துப் பார்த்தால் முதலாவது 2 × 25 = 50, இரண்டாவது 10² = 100.

இன்னொரு விதியும் உண்டு. ஒரு கணக்குக்குள் ஒரே எழுத்து எத்தனை இடத்தில் வந்தாலும் அத்தனை இடத்திலும் ஒரே எண்தான். க² − 5க + 6 இல் க இரண்டு இடத்தில் இருக்கிறது, இரண்டிலும் ஒரே மதிப்பு. இதன் மறுபக்கத்தைப் பலர் யோசிப்பதில்லை: வேறு வேறு எழுத்துகளுக்கு ஒரே மதிப்பு வரலாம். க = 4, ப = 4 என்று கேள்வி வந்தால் அதில் அச்சுப்பிழை ஒன்றும் இல்லை.

செய்முறை

சின்னதாக ஒன்று. 2க² − 3க + 1 என்ற கோவையில் க = −3.

முதல் வரியில் கோவையை அப்படியே பார்த்து எழுதுங்கள். இதைத் தாண்டிப் போக ஆசை வரும். தாண்டினால், தவறு வந்த பிறகு எங்கே வந்தது என்று தேட வழியிருக்காது.

2க² − 3க + 1

இரண்டாவது வரியில் எழுத்துகளை எடுத்துவிட்டு, அந்தந்த இடத்தில் வெறும் அடைப்புக்குறி மட்டும் போடுங்கள். எண்ணை இன்னும் வைக்க வேண்டாம்.

2(  )² − 3(  ) + 1

இந்த வரி வெட்டி வேலையாகத் தோன்றும். முதல் ஐம்பது கணக்குக்காவது இதைச் செய்யுங்கள் என்பேன். கை பழகிவிட்டால் தானாகவே மனதுக்குள் நடந்துவிடும். இப்போது கோவையில் உள்ள குறிகளுக்கும் நாம் கொண்டுவரும் எண்ணின் குறிக்கும் சண்டையே வராது. கோவையின் மைனஸ் வெளியே, எண்ணின் மைனஸ் உள்ளே.

2(−3)² − 3(−3) + 1

அப்புறம் வரிசைப்படி சுருக்குவது. அடைப்புக்குறிக்குள் ஏதாவது கணக்கு இருந்தால் முதலில் அது. பிறகு அடுக்கு. பிறகு பெருக்கலும் வகுத்தலும், இடமிருந்து வலமாக. கடைசியில் கூட்டலும் கழித்தலும், அதுவும் இடமிருந்து வலமாக.

2(9) − 3(−3) + 1
18 + 9 + 1
28

நடுவில் உள்ள −3(−3) எப்படி +9 ஆனது என்று கவனியுங்கள். இங்கே −3 ஐ −3 ஆல் பெருக்குகிறோம், ஆகவே +9. இதை "18-லிருந்து −9 ஐக் கழிக்கிறோம்" என்று பார்த்தாலும் 18 − (−9) = 18 + 9. இரண்டு வழியில் எது உங்களுக்குப் பழக்கமோ அதையே எப்போதும் வைத்துக்கொள்ளுங்கள். ஒரு வரியில் ஒன்று, அடுத்த வரியில் மற்றொன்று என்று மாற்றி மாற்றிப் போனால் ஒரே மைனஸை இரண்டு தடவை எண்ணிவிடுவோம்.

வரிசையைப் பற்றி ஒரு எச்சரிக்கை. இந்த வரிசைக்கான ஆங்கிலச் சுருக்கச் சொல்லைப் போட்மாஸ் என்று மனப்பாடம் செய்தவர்கள், அதில் வகுத்தல் முன்னால் வருவதால் எப்போதும் வகுத்தலைத்தான் முதலில் செய்ய வேண்டும் என்று நினைத்துக்கொள்கிறார்கள். கூட்டல், கழித்தலிலும் அதே குழப்பம். 10 − 4 + 3 இல் கூட்டலை முதலில் செய்தால் 10 − 7 = 3 என்று வரும். சரியான விடை 9. பெருக்கலும் வகுத்தலும் ஒரே தரம், கூட்டலும் கழித்தலும் ஒரே தரம். ஒரே தரத்தில் உள்ளவற்றில் இடப்பக்கம் இருப்பதற்கே முன்னுரிமை.

மைனஸ் என்ற தொல்லை

இங்கே கொஞ்சம் நிதானமாக நிற்போம். பிரதியிடலில் தடுமாறுபவர்கள் அநேகமாக இங்கேதான் தடுமாறுகிறார்கள்.

க = −2 என்று வைத்துக்கொண்டு பார்ப்பதற்கு ஒன்றுபோல் இருக்கும் நான்கைச் செய்து பார்க்கலாம்.

க² = (−2)² = 4
−க² = −(−2)² = −4
(−க)² = (−(−2))² = 2² = 4
−க³ = −(−2)³ = −(−8) = 8

இரண்டாவதும் மூன்றாவதும்தான் ஆட்களைக் கவிழ்ப்பவை. −க² இல் மைனஸ் அடுக்கின் பிடிக்கு வெளியே இருக்கிறது. முதலில் வர்க்கம், அப்புறம் மைனஸ். ஆகவே க மெய்யெண்ணாக இருக்கும்வரை −க² ஒருநாளும் மிகை எண்ணாகாது. (−க)² இல் மைனஸும் உள்ளே மாட்டிக்கொண்டது, அதுவும் சேர்ந்து வர்க்கமாகிறது.

−க என்று பார்த்ததும் "இது குறை எண்" என்று மனம் சொல்லும். நம்பாதீர்கள். க = −2 என்றால் −க = 2. −க என்பது க-வின் எதிர்மறை, அவ்வளவுதான். க எந்தப் பக்கம் இருக்கிறதோ அதற்கு எதிர்ப்பக்கம் −க இருக்கும். க பூச்சியமானால் −க-வும் பூச்சியமே.

அடுக்கு இரட்டைப்படையானால் குறை எண்ணின் மைனஸ் மறைந்துவிடும், ஒற்றைப்படையானால் தங்கிவிடும். (−1)¹⁰⁰ = 1, (−1)¹⁰¹ = −1. இதைத் தெரிந்துகொண்டால் பெரிய அடுக்கு வரும்போது குறியை முதலில் முடிவு செய்துவிட்டு, மதிப்பைப் பிறகு நிதானமாகக் கணக்கிடலாம்.

இரண்டு எழுத்துகள் சேர்ந்து வரும் ஒன்றை முழுதாகப் பார்ப்போம். க = −2, ப = 3 எனில் க² − கப − ப².

(  )² − (  )(  ) − (  )²
(−2)² − (−2)(3) − (3)²
4 − (−6) − 9
4 + 6 − 9
1

மூன்றாவது வரியில் நான் −(−6) என்று எழுதியதை, நேராக +6 என்று போட்டு ஒரு வரி மிச்சம் பிடிக்கலாம். பிடிக்காதீர்கள். ஒரு வரியில் ஒரே வகை வேலை என்று வைத்துக்கொண்டால், விடை தப்பும்போது கண் நேராகத் தப்பான வரியில் போய் நிற்கும். ஒருமுறை ஒரு மாணவி இதே கணக்கைக் காட்டி "−11 வருகிறது" என்றாள். நோட்டில் 4 − 6 − 9 என்று இருந்தது. பக்கத்தில் அழித்த தடம் தெரிந்தது. முதலில் −(−6) என்று சரியாக எழுதி, "இரண்டு மைனஸ் தேவையில்லை" என்று ஒன்றை அழித்திருக்கிறாள். அடைப்புக்குறியை அழுக்காக நினைத்தால் இப்படித்தான் ஆகும்.

பின்னக் கோடும் ஒரு அடைப்புக்குறிதான்

தாளில் மேலும் கீழுமாக எழுதும் பின்னத்தை ஒரே வரியில் எழுதும்போது கோட்டுக்குள் ஒளிந்திருந்த அடைப்புக்குறியை வெளியே எடுக்க வேண்டும். மேலே க + ப, கீழே க − ப இருந்தால் ஒரே வரியில் அது (க + ப)/(க − ப). க = 7, ப = 3 எனில் 10/4 = 5/2. அடைப்புக்குறி இல்லாமல் க + ப/க − ப என்று எழுதினால் அது 7 + 3/7 − 3 ஆகிவிடும். வேறு கணக்கு, வேறு விடை.

எனவே பின்னம் வந்தால் தொகுதியை (மேலே இருப்பதை) முழுதாக முடியுங்கள், பகுதியை (கீழே இருப்பதை) முழுதாக முடியுங்கள், கடைசியில் வகுங்கள். நடுவில் மேலே ஒன்றையும் கீழே ஒன்றையும் அடித்துவிடும் ஆசையை அடக்குங்கள். (7 + 3)/(7 − 3) இல் 7-ஐயும் 7-ஐயும் அடித்தால் 3/(−3) = −1 வரும். கூட்டலுக்குள் இருக்கும் உறுப்பை அடிக்க முடியாது, பெருக்கலில் இருக்கும் காரணியை மட்டுமே அடிக்கலாம்.

பகுதி பூச்சியமாகிறதா என்று முதலிலேயே பார்த்துவிடுவது நல்லது. மேலே சொன்ன கோவையில் க = 3, ப = 3 என்றால் பகுதி 0. அங்கே விடை 0 அல்ல, 6-ம் அல்ல. அந்த மதிப்புகளுக்குக் கோவை வரையறுக்கப்படவில்லை என்று எழுத வேண்டும்.

எழுத்துக்குப் பதில் வைக்கும் எண்ணே பின்னமானால் அடைப்புக்குறி இன்னும் அவசியம். 3க² − 2க + 1 இல் க = 2/3:

3(2/3)² − 2(2/3) + 1
3(4/9) − 4/3 + 1
4/3 − 4/3 + 1
1

தாளில் மேலும் கீழுமாக, அடைப்புக்குறி இல்லாமல் எழுதினால் வர்க்கம் தொகுதிக்கு மட்டும் போய் 4/3 என்றாகிவிடும், பகுதியில் உள்ள 3 அப்படியே நின்றுவிடும். இதையும் நிறையப் பார்த்திருக்கிறேன்.

வர்க்கமூலத்துக்கு மேலே ஓடும் கோடும் இதே ஜாதிதான். க = 3, ப = 4 எனில் √(க² + ப²) என்பது √(9 + 16) = √25 = 5. தனித்தனியாக மூலம் எடுத்து 3 + 4 = 7 என்று போகக் கூடாது. இன்னொன்று: √(க²) என்பது எப்போதும் க ஆகாது. க = −5 வைத்துப் பாருங்கள், √25 = 5. வந்தது −க. இதனால்தான் √(க²) = |க| என்று எழுதுகிறார்கள். அந்த இரண்டு செங்குத்துக் கோடுகளும் அடைப்புக்குறி மாதிரிதான். உள்ளே இருப்பதை முழுதாக முடித்துவிட்டு, கடைசியில் மைனஸ் இருந்தால் நீக்க வேண்டும்.

சுருக்கிவிட்டுப் பிரதியிடலாமா?

பல நேரம் ஆமாம். இதைப் பாருங்கள்: க = −17, ப = 4 எனில்

5(க + 2ப) − 3(க − ப) − 2(க + 4ப)

நேரடியாகவே செய்யலாம்: 5(−9) − 3(−21) − 2(−1) = −45 + 63 + 2 = 20. ஆனால் முதலில் விரித்து ஒத்த உறுப்புகளைச் சேர்த்தால், 5க + 10ப − 3க + 3ப − 2க − 8ப. இதில் க எல்லாம் கழிந்துபோய் 5ப மட்டும் மிஞ்சுகிறது. 5 × 4 = 20. க-வின் மதிப்பு −17 ஆக இருந்தாலென்ன, பத்து லட்சமாக இருந்தாலென்ன, விடை மாறாது என்பதும் கூடவே தெரிந்துவிட்டது.

(க² − ப²)/(க − ப) இல் க = 103, ப = 97 என்றால் 103² = 10609, 97² = 9409, வித்தியாசம் 1200, அதை 6 ஆல் வகுத்தால் 200. முற்றொருமை தெரிந்தவர் தொகுதியை (க + ப)(க − ப) என்று பிரித்து, க + ப = 200 என்று ஒரு நொடியில் முடித்துவிடுவார். ஒன்று மட்டும் மறக்கக் கூடாது. க-வும் ப-வும் சமமானால் மூலக் கோவைக்கு மதிப்பே இல்லை, சுருக்கிய கோவையோ எதுவும் நடக்காததுபோல் ஒரு எண்ணைத் தரும். அதனால் பூச்சியப் பகுதிச் சோதனையை மூலக் கோவையில்தான் செய்ய வேண்டும்.

படி (மிகப் பெரிய அடுக்கு) அதிகமுள்ள பல்லுறுப்புக் கோவைக்கு எனக்கு மிகவும் பிடித்த வழி ஒன்று உண்டு. 2க³ − 5க² + 3க − 7 இல் க = 4 என்று வைப்போம். சாதாரணமாக 4³, 4² எல்லாம் கண்டு 128 − 80 + 12 − 7 = 53 என்று வருவோம். அதற்குப் பதிலாகக் கோவையை இப்படி மடித்து எழுதலாம்:

((2க − 5)க + 3)க − 7

உள்ளிருந்து வெளியே வாருங்கள். 2 × 4 − 5 = 3. அந்த 3-ஐ 4 ஆல் பெருக்கி 3 கூட்டினால் 15. அதை 4 ஆல் பெருக்கி 7 கழித்தால் 53. அடுக்கே கிடையாது, மூன்றே பெருக்கல். மனக்கணக்காகவே போடலாம். 1819இல் இதை ஒட்டிய முறையொன்றை வெளியிட்ட ஆங்கிலக் கணிதர் ஹார்னரின் பெயரால் இது வழங்குகிறது என்றாலும், சீனக் கணிதர் சின் ஜியூஷாவ் 1247லேயே இப்படிக் கணக்கிட்டிருக்கிறார். இடையில் ஏதாவது ஒரு அடுக்கு விட்டுப்போயிருந்தால் அதன் கெழு (அதைப் பெருக்கும் எண்) 0 என்று எழுதிக்கொள்ள வேண்டும். க³ − 2 என்பது ((1க + 0)க + 0)க − 2. அந்தப் பூச்சியத்தை மறந்தால் மொத்தமும் ஒரு படி சரிந்துவிடும்.

சூத்திரத்தில் பிரதியிடும்போது அலகும் கூட வரும்

அறிவியல் சூத்திரங்களில் வேலை இதுவேதான், ஆனால் எண்ணோடு அலகும் ஒட்டியிருக்கும். பிரேக் பிடித்த வண்டி எவ்வளவு தூரம் ஓடி நிற்கும் என்பதற்கு, வேகம் சீராகக் குறைவதாக வைத்துக்கொண்டால்,

தூரம் = வேகம்² / (2 × வேகம் குறையும் வீதம்)

வேகம் மணிக்கு 72 கிலோமீட்டர், குறையும் வீதம் 5 மீ/வி² என்று கொடுத்தால் 72-ஐ நேராக உள்ளே போடுபவர்களுக்கு 5184/10 = 518.4 வரும். அரை கிலோமீட்டர் தாண்டி நிற்கும் காரா என்று ஒரு நிமிடம் யோசித்தாலே சந்தேகம் வந்துவிடும். 72 கி.மீ/மணி என்பது 20 மீ/வி. (20)²/(2 × 5) = 400/10 = 40 மீட்டர். வேகத்தைப் பாதியாக்கி 10 மீ/வி வைத்துப் பாருங்கள், 100/10 = 10 மீட்டர்தான். வேகம் இரண்டு மடங்கானால் தூரம் நான்கு மடங்காகிறது. கோவையில் அந்த வர்க்கம் உட்கார்ந்திருப்பதன் பலன் எண்களைப் போட்டுப் பார்க்கும்போதுதான் உறைக்கிறது.

விடையில் மைனஸ் வந்தால் உடனே தவறு என்று முடிவு கட்ட வேண்டாம். ஒரு மேடான இடத்தின் ஓரத்திலிருந்து ஒரு கல்லை நேர்மேலே 20 மீ/வி வேகத்தில் எறிகிறோம். மேல்நோக்கிய திசையை மிகை என்று வைத்தால் முடுக்கம் −9.8. உயரம் = வேகம் × நேரம் + ½ × முடுக்கம் × நேரம்². 3 வினாடியில் 20(3) + ½(−9.8)(3)² = 60 − 44.1 = 15.9 மீட்டர். 5 வினாடியில் 20(5) + ½(−9.8)(5)² = 100 − 122.5 = −22.5. கல் எறிந்த இடத்துக்கும் கீழே 22.5 மீட்டரில் விழுந்துகொண்டிருக்கிறது என்று அர்த்தம். தரையிலிருந்தே எறிந்திருந்தால், 5 வினாடிக்குள் கல் தரையைத் தொட்டுவிட்டது, அந்த நேரத்துக்குச் சூத்திரம் பொருந்தாது என்று புரிந்துகொள்ள வேண்டும்.

செல்சியஸை பாரன்ஹீட்டாக்கும் 9செ/5 + 32 இல் செ = −40 போட்டுப் பாருங்கள்: 9(−40)/5 + 32 = −72 + 32 = −40. இரண்டு அளவுகோலும் ஒரே எண்ணைக் காட்டும் இடம் இது ஒன்றுதான்.

எண்ணுக்குப் பதில் இன்னொரு கோவை

க = ப + 1 எனில் க² − 2க என்ன? முறை மாறவில்லை. அடைப்புக்குறியைப் போடு, உள்ளே ப + 1 ஐ வை:

(ப + 1)² − 2(ப + 1) = ப² + 2ப + 1 − 2ப − 2 = ப² − 1

அடைப்புக்குறியை விட்டவர் −2ப + 1 என்று எழுதி, விடையை ப² + 2 ஆக்கிக்கொண்டிருப்பார். சரிதானா என்று பார்க்க ஒரு எண்ணை வைத்துச் சோதிக்கலாம். ப = 3 என்றால் க = 4. க² − 2க = 16 − 8 = 8. ப² − 1 = 9 − 1 = 8. பொருந்துகிறது.

இந்தச் சோதனை பிரதியிடலின் பெரிய பயன் என்பேன். விரித்ததோ காரணிப்படுத்தியதோ சரியா என்று ஆசிரியரைக் கேட்க வேண்டியதில்லை. (க + ப)² என்பது க² + ப² தானே என்று சந்தேகம் வந்தால் க = 3, ப = 5 போடுங்கள்: 64 ஒரு பக்கம், 34 இன்னொரு பக்கம். விஷயம் முடிந்தது.

சோதிக்கும் எண்ணைத் தேர்ந்தெடுப்பதில் கவனம் வேண்டும். 0, 1, 2 மூன்றும் மோசமான சாட்சிகள். ப = 0 போட்டால் (க + ப)² = க² + ப² என்பதுகூட உண்மை போல் தெரியும். க = 1 என்றால் க, க², க³ எல்லாம் ஒன்றே. 2-க்கோ 2 + 2, 2 × 2, 2² மூன்றும் 4. 3, 5, −7 மாதிரி எண்களை எடுத்துக்கொள்ளுங்கள்.

ஒரு எண் பொருந்தாவிட்டால் கூற்று தவறு என்பது உறுதி. பொருந்தினால் உண்மை என்பது உறுதியில்லை. இதற்கு நல்ல சாட்சி கணிதர் ஆய்லர் 1772இல் சுட்டிக்காட்டிய ந² + ந + 41 வகைக் கோவை. ந = 0 என்றால் 41, 1 என்றால் 43, 2 என்றால் 47. எல்லாம் பகா எண்கள். ந = 39 வரை நாற்பது தடவை தொடர்ந்து பகா எண்ணாகவே வரும். ந = 40 போட்டால் 1600 + 40 + 41 = 1681. அது 41 × 41.

கருவிகளிடம் கொடுக்கும்போது

கணினிக்கு −3² என்று கொடுத்தால் என்ன வரும்? எதனிடம் கொடுக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. பைத்தான் என்ற நிரல்மொழியில் −9 வரும், கணித வழக்கமும் அதுவே. எக்செல் கட்டத்தில் அதே சூத்திரத்தை எழுதினால் 9 வரும், ஏனென்றால் அங்கே முன்னால் நிற்கும் மைனஸுக்கு அடுக்கைவிட முன்னுரிமை. (−3)² என்றோ −(3²) என்றோ அடைப்புக்குறியோடு கொடுத்துவிட்டால், பைத்தானும் எக்செலும் ஒரே விடை சொல்லும்: முதலாவதற்கு 9, இரண்டாவதற்கு −9.

கால்குலேட்டரில் பின்னக் கோவையை அடிக்கும்போதும் தொகுதிக்கு ஒரு ஜோடி, பகுதிக்கு ஒரு ஜோடி அடைப்புக்குறி. அப்புறம், நடுவில் தசமத்தை வெட்டாதீர்கள். க = 2/3 ஐ 0.67 என்று சுருக்கி மேலே பார்த்த 3க² − 2க + 1 இல் போட்டால் 1-க்குப் பதில் 1.0067 வரும். பின்னமாகவே கடைசிவரை வைத்திருந்து, தேவையானால் இறுதியில் தசமமாக்கலாம்.

கையில் செய்து பாருங்கள்

1. க = −4 எனில் 7 − 2க
2. க = −2 எனில் −க² + 3க
3. க = 5, ப = −8 எனில் (க − ப)² − (ப − க)²
4. க = −1, ப = −2 எனில் க³ − 2க²ப + ப²
5. க = −3 எனில் (2க + 1)/(க² − 9)
6. க = 2, ப = −6 எனில் |க − ப| − |ப|
7. க = 1/2, ப = −1/3 எனில் க/ப − ப/க

விடைகள்: 1) 15. −1 வந்திருந்தால் 7 − 8 என்று எழுதியிருப்பீர்கள். 2) −10. −2 வந்தவர்கள் முன்னால் நிற்கும் மைனஸையும் சேர்த்து வர்க்கமாக்கிவிட்டார்கள். 3) 0. எண்ணைப் போடாமலே சொல்லலாம், ஏனென்று யோசியுங்கள். 4) 7. −1 வந்திருந்தால் நடு உறுப்பில் ப-வின் மைனஸ் தொலைந்துவிட்டது. 5) மதிப்பு இல்லை, பகுதி 0. 6) 2. −2 என்றால் க − ப-வில் 2 − 6 என்று போட்டிருக்கிறீர்கள். 7) −5/6. முதல் பின்னம் −3/2, இரண்டாவது −2/3, கழிக்கும்போது −3/2 + 2/3. −13/6 என்று வந்தவர்கள் மறுபடி அடைப்புக்குறி வரியிலிருந்து தொடங்குங்கள்.